‘கட்’ சொன்ன வாய்

அடுத்தவர்கள் எடுத்த படங்களை வெட்டி ஒட்டியே மியூனிக்கில் பேர் வாங்கியவள் குட்ரூன். தானே டைரக்ட் செய்த முதல் படத்தில் மூன்றாம் நாளே மாட்டிக்கொண்டாள். அன்றன்று எடுத்ததைப் போட்டுப் பார்க்கும் ‘ரஷ்’ஷைப் பார்த்துவிட்டு, எடிட்டர் ரேஸி நேராகவே சொன்னாள்.

“ஒவ்வொரு ஷாட்டும் கழுத்த அறுத்த மாதிரி முடியுது, குட்ரூன். வாலே இல்ல. நான் எதை எதோட ஒட்டுறது?”

நடிகர் நடித்துக்கொண்டிருக்கும்போதே குட்ரூன் மனதுக்குள் வெட்டிவிடுவாள். அந்த இடம் வந்ததும் வாய் தானாக ‘கட்’ சொல்லிவிடும். அதற்குப் பிறகு அந்த முகத்தில் என்ன நடந்தது என்பது ஃபிலிமில் இல்லை.

தயாரிப்பாளர் ஸ்டாடல்மான் சாஸேஜைக் கடித்தபடியே பேசினார். “நாளைக்கும் இப்படித்தான்னா, திங்கக்கிழமை வேற டைரக்டர், ஹார்லாண்டர் வந்து எடுப்பான். நீ உன் எடிட்டிங் ரூமுக்கே போயிடும்மா. அங்க நீ மகாராணி.”

மறுநாள் சமையலறைக் காட்சி. ரஷ்யாவில் போர்க்கைதியாக இருந்து திரும்பிய கணவன், ஒரே வாரத்தில் மறுபடி கிளம்புகிறான். “போறதுன்னா கதவ சாத்திட்டுப் போ” என்கிறாள் மனைவி. அவ்வளவுதான் வசனம்.

கதவு மூடியது. “கட்!” என்றாள் குட்ரூன்.

கேமராமேன் அலோய்ஸ் தலையில் கைவைத்துக்கொண்டான். “அய்யோ, சொல்லிட்டீங்களே!”

இரண்டாம் முறை வாயைப் பொத்திக்கொண்டாள். விரல் இடுக்கு வழியாக ‘கட்’ வந்துவிட்டது.

“என்னங்க, விக்கலா?” மனைவியாக நடித்த வலெஸ்கா கேட்க, எல்லோரும் சிரித்தார்கள்.

மூன்றாம் முறை, “ஃபிலிம் தீர்ற வரைக்கும் ஓட்டு” என்று அலோய்ஸிடம் சொல்லிவிட்டு வெளியே போனாள். கதவுக்கு மேல் சிவப்பு விளக்கு எரிந்தது. உள்ளே சத்தமே இல்லை. தன் படத்தின் ஒரு ஷாட் தான் பார்க்காமல் ஓடிக்கொண்டிருந்தது. உள்ளே ஓடிவிடக் கூடாது என்று சுவரை அழுத்திப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

அடுத்த நாள் ரஷ். கதவு மூடியதும் வலெஸ்கா கொஞ்ச நேரம் நின்றாள். பிறகு உட்கார்ந்து, கணவன் தட்டில் மிச்சம் வைத்த உருளைக்கிழங்கை எடுத்து நிதானமாகத் தின்றாள். ஏப்ரனில் வாயைத் துடைத்தாள்.

“இது நீ சொல்லிக்கொடுத்ததா?” என்றார் ஸ்டாடல்மான்.

“இல்ல.”

“போகட்டும். திங்கக்கிழமையும் நீயே எடு.”

அவர் போனதும் ரேஸி அவள் கையைப் பிடித்தாள். குட்ரூன் வெற்றுத் திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“அதான் படம் உன்கிட்டயே இருக்கே. இன்னும் என்னடி?”

“இதுல எங்க வெட்டணும்னு எனக்குத் தெரியல, ரேஸி.”

“எனக்கும்தான்” என்றாள் ரேஸி. புரொஜெக்டர்காரனிடம் முதலிலிருந்து போடச் சொன்னாள்.