டொமினிக் குடிக்காமல் விட்டது

டொமினிக் குடிக்காமல் விட்ட சாராயம் முழுவதும் தகனினி என்ற புறநகரில் அவருடைய வீட்டின் பின்புறம் இருந்த பச்சை நிற மழைநீர்த் தாங்கியில் சேர்ந்துகொண்டிருந்தது. நாளொன்றுக்கு ஒரு மேசைக்கரண்டி அளவு. மனம் கெட்டுப்போன நாட்களில் ஒரு கோப்பை. மன்னாரில் அவருடைய தாயார் இறந்த செய்தி வந்த அன்று இரண்டு கோப்பை சேர்ந்ததாக மனைவி மாகிரட் சொல்கிறார்; இந்த விஷயத்தில் மாகிரட் பிசகுகிறவர் அல்ல. டொமினிக் குடியை விட்டது 2013ஆம் ஆண்டு, மகள் ஜெசிக்காவின் உறுதிபூசுதல் என்ற தேவாலயச் சடங்குக்கான விருந்தில், குடித்துவிட்டு அவர் கேக் மேசைமேல் விழுந்ததற்கு மறுநாள். கேக்கின்மேல் ஐசிங்கில் ஒரு வெள்ளைப் புறா இருந்தது. பதினான்கு வயதுப் பிள்ளை அத்தனை சனத்துக்கு முன்னாலும் தகப்பனின் முகத்திலிருந்து அந்தப் புறாவைத் துடைத்தெடுத்தாள். அதன்பிறகு, தகப்பன் போகும் எந்த விருந்திலும் அவள் கேக்குக்குப் பக்கத்திலேயே நின்றுகொள்வாள். பன்னிரண்டு வருடமாக அப்படித்தான்.

தாங்கியின் விஷயம் தெரியவந்தது ஒரு கோடைகாலத்தில். குழாயில் தண்ணீர் பிடித்துச் செடிக்கு விடக்கூடாது என்று நகரசபை சொல்லியிருந்த மாதம். மாகிரட் தாங்கியிலிருந்து ஒரு வாளி அள்ளிக் கறிவேப்பிலைக்கு ஊற்றினார். செடி மூன்று நாட்கள் வேலியில் சாய்ந்து கிடந்தது. அதில் வந்து குந்திய, அந்த ஊர்ப் பாட்டுக்காரப் பறவைகளான தூயி குருவிகள் பாட்டைக் கடைசியிலிருந்து தொடங்கிப் பாடின. மாகிரட் தாங்கிக்குள் தலையை விட்டு முகர்ந்து பார்த்துவிட்டுப் போட்ட சத்தம் நாலு வீட்டுக்குக் கேட்டது. டைல்ஸ் பதிக்கும் வேலையிலிருந்து அப்போதுதான் வந்திருந்த டொமினிக், கையெல்லாம் சீமெந்துத் தூசியோடு, "ஆணையா நான் தொடேல்லையப்பா" என்றார். மாகிரட் நம்பவில்லை. தாங்கியின் உட்புறம் பென்சிலால் கோடு போட்டுத் தினமும் பார்த்தார். மனுசன் குடிக்காமல் படுத்த ஒவ்வொரு நாளும் காலையில் கோடு கொஞ்சம் நனைந்திருந்தது. மழைநீர் அதில் கலக்கவில்லை; விளிம்பால் வழிந்து போய்விட்டது. மூடிக்குமேல் இரண்டு செங்கல்லை வைத்ததோடு மாகிரட் அதை விட்டுவிட்டார். அயலுக்கும் தெரிந்தது. மோட்கேஜ் வட்டி ஏறுவதைப் பற்றிக் கதைக்கவே நேரம் போதாத ஊரில் இதைப் பெரிதாக எடுக்க யாருக்கும் அவகாசம் இல்லை.

போன வருடம் ஜெசிக்காவுக்குக் கலியாணம் சரிவந்தது. மாப்பிள்ளை வெற்றி, எப்சம் என்ற பகுதியில் இருக்கும் சதாசிவத்தின் மகன், கணினி வேலை. கும்பகோணத்துக்காரரான சதாசிவம் காப்பியைத் தவிர வேறெந்தப் பழக்கமும் இல்லாதவர். மவுண்ட் ஆல்பர்ட்டில் மண்டபம், நூற்றெண்பது பேருக்குச் சாப்பாடு, கூறைப்புடவை எல்லாம் ஒழுங்கு செய்து முடித்தபோது, குடிவகைக்கென்று மிஞ்சிய காசு தோடம்பழச் சாறு வாங்கத்தான் காணும். மாகிரட்டின் தம்பி கிளின்ரன் குசினி மேசையில் இருந்து யோசனைகளை அடுக்கினார். பார் திறந்துவிடலாம், வீட்டை விற்கவேண்டி வரும். பியரும் வைனும் மட்டும் வைக்கலாம்; விஸ்கி எங்கே என்று கேட்பார்கள். வருகிறவர்களே போத்தலோடு வரட்டும் என்று அழைப்பிதழில் போடலாம். வெள்ளைக்காரர் செய்கிறார்கள்தான், ஆனால் தமிழன் அப்படிப் போட்டால் செத்தவீட்டிலும் அதைச் சொல்லிச் சிரிப்பார்கள். "ஒண்டும் வைக்காட்டி எங்கட ஆக்கள் கார் டிக்கியைத் திறந்து வைச்சுக் குடிப்பாங்கள் அத்தான். அது இன்னும் கேவலம்" என்றார். அந்த வாரமே சதாசிவம் தொலைபேசியில் மெதுவாகச் சொன்னார்: "சம்பந்தி, தப்பா எடுத்துக்காதீங்க. எங்க பக்கம் கல்யாணத்துல இதெல்லாம் பழக்கமில்லீங்க. மண்டபத்துக்குள்ள மட்டும் வேண்டாமே." ஆகக் கடைசியில், கேவலம் என்று சொன்ன டிக்கிதான் முடிவாயிற்று. மண்டபத்துக்குள் சாறு, வெளியே கிளின்ரனின் வான் வண்டி. எல்லோருக்கும் தெரியும், யாரும் காணமாட்டார்கள். டிக்கிக்குள் எதை வைப்பது என்பதுதான் மிச்சம்.

"தாங்கியில இருக்கிறதை எடுங்கோ" என்றார் டொமினிக்.

ஜெசிக்கா எழுந்து நின்றாள். அவளுக்குப் பயம். சாராயத்துக்கல்ல, அது இருக்கும் இடத்தில் அப்பாவும் இருப்பாரே என்ற பயம். கலியாணமே வேண்டாம், பதிவு செய்துவிட்டு வருகிறோம் என்றாள் ஆங்கிலத்தில். "வந்த சனத்தை வெறும் வாயோட அனுப்பேலாது பிள்ளை. நான் தொடமாட்டன்" என்றார் டொமினிக். இதே வாக்கை உறுதிபூசுதலுக்கு முந்திய நாளும் அவர் தந்திருந்தார். அது இரண்டு பேருக்கும் ஞாபகம் இருந்தது. ஜெசிக்கா கதவைச் சாத்திக்கொண்டு அறைக்குப் போனாள்.

கலியாணத்துக்கு முந்திய நாள் கிளின்ரன் தாங்கியைக் கடைசிச் சொட்டுவரை இறைத்துக் கழுவித் துணியால் துடைத்தார். எறிய மனமில்லாமல் மாகிரட் சேர்த்து வைத்திருந்த மூன்று லீட்டர் பால் போத்தல்கள் இருபத்திரண்டு நிறைந்தன. மறுநாள் காலை கோயிலில் தாலிகட்டு. பிற்பகல் மண்டபத்தில் சனம் கூடியதும் வானின் டிக்கி திறந்தது. முதல் கோப்பையைக் கிளின்ரனே குடித்துப் பார்த்தார். வெறிக்கவில்லை. அதற்குப் பதிலாக 2015ஆம் ஆண்டின் ஒரு செவ்வாய்க்கிழமை மாலை அவருக்குள் வந்தது. ஒரு மதுக்கடைக்கு முன்னால் நிறுத்திய காருக்குள் அவரே டொமினிக்காக மாறி உட்கார்ந்திருந்தார்; மழை பெய்தது, வைப்பர் ஆடியது, நாற்பது நிமிடம் கையைத் தொடைக்குக் கீழே வைத்துக்கொண்டிருந்துவிட்டுக் காரை வீட்டுக்குத் திருப்பினார். கிளின்ரன் கோப்பையை வைத்துவிட்டு மூக்கைச் சிந்தினார். பிறகு வந்தவர்களுக்கும் அப்படியே ஆளுக்கொரு மாலை கிடைத்தது. ஒருவர் நத்தார் பண்டிகை இரவு விருந்திலிருந்து பாதியில் எழுந்து நடந்தே வீடு வந்தார். இன்னொருவர் வேலைத்தளத்தில் எல்லோரும் பியர் உடைக்கும்போது டைல்ஸை எண்ணினார், திரும்பவும் எண்ணினார். அன்று கார் பார்க்கில் ஒரு சண்டை இல்லை, ஒரு வாந்தி இல்லை. ஆம்பிளைகள் கண் சிவந்து, வரிசையாக உள்ளே வந்து, டொமினிக்கின் தோளைத் தொட்டுவிட்டுச் சாப்பிடப் போனார்கள்.

சதாசிவம் பன்னீர்ச் செம்பை எடுக்கத் தன் காருக்குப் போனார். எல்லோரையும் வாங்க வாங்க என்று அழைத்துத் தொண்டை வறண்டிருந்தது. திறந்த டிக்கியில் பால் போத்தல்களில் பொன்னிறமாக ஏதோ இருப்பதைக் கண்டதும், சம்பந்தி வீட்டில் நம்ம பழக்கத்துக்காகப் பானகம் கரைத்திருக்கிறார்களே என்று நெகிழ்ந்துபோய் ஒரு கோப்பை முழுவதையும் ஒரே மூச்சில் குடித்துவிட்டார். தடுக்கக் கிளின்ரனுக்கு நேரம் கிடைக்கவில்லை. சதாசிவம் நேரே டொமினிக்கிடம் வந்து இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். "சம்பந்தி, பொண்ணு பட்டம் வாங்குன அன்னைக்கு எதுக்குங்க ஒரே காரை மூணு தடவ கழுவுனீங்க? எனக்கே கை வலிக்குது" என்றார். குடித்தது என்னவென்று சதாசிவத்திடம் யாரும் சொல்லவில்லை. அவர் பானகம் நன்றாக இருந்தது என்று இன்றைக்கும் சொல்லிக்கொண்டிருக்கிறார்.

கேக் வெட்டும் நேரம் டொமினிக்கைக் காணவில்லை. ஜெசிக்கா கேக்குக்குப் பக்கத்தில் கத்தியோடு நின்றபடி ஜன்னலால் பார்த்தாள். வானுக்கு அருகில் அவர் தனியே நின்றார். கையில் ஒரு கோப்பை. அது நிறைந்திருந்தது. ஓடிப்போய்த் தட்டிவிட நினைத்தாள். அதற்குள் புகைப்படக்காரர் அவளைத் திருப்பினார். அடுத்தமுறை பார்த்தபோது அப்பா அவள் முன்னால் நின்றார், கையில் ஒன்றுமில்லை. அவரில் சாராயம் மணந்தது. ஆனால் அன்று அந்தத் தெருவே மணந்தது. அவள் கேட்கவில்லை. அவர் விழவுமில்லை. அவளோடு ஒரு பாட்டுக்கு ஆடினார், ஒருமுறை காலை மிதித்தார், சும்மாவே அவருக்கு ஆடத் தெரியாது.

மறுநாள் காலை மாப்பிள்ளையும் பெண்ணும் தகனினிக்கு விருந்துக்கு வந்தார்கள். வெற்றி வாசலில் சப்பாத்தைக் கழற்றிக்கொண்டிருந்தபோதே ஜெசிக்கா வீட்டைச் சுற்றிக்கொண்டு பின்புறம் போய்விட்டாள். செங்கல் இரண்டையும் இறக்கினாள். குடித்திருந்தால் தாங்கி காய்ந்து கிடக்கும். குடிக்காவிட்டால் அடியில் ஒரு மேசைக்கரண்டி இருக்கும். மூடியைத் திறந்து கையை உள்ளே விட்டாள். அடிவரைக்கும் விடத் தேவைப்படவில்லை. புது வளையல்கள் முழங்கைவரை நனைந்தன. பென்சில் கோடுகள் அத்தனையும் மூழ்கி, ஒரே நாளில் தாங்கி நிறைந்திருந்தது.

டொமினிக் பின்கதவில் நின்றார், கையில் தேநீர்க் கோப்பையோடு. எப்போதும் ஆங்கிலத்தில் பதில் சொல்கிறவள் அன்று தமிழில் கேட்டாள்.

"அப்பா, நேற்று அவ்வளவு கஷ்டமா இருந்ததா?"

"ஓம் பிள்ளை" என்றார் டொமினிக்.

அவள் ஈரக் கையோடு அவரைக் கட்டிக்கொண்டு நெடுநேரம் அழுதாள். மாகிரட் வந்து எட்டிப் பார்த்துவிட்டு, செங்கற்களைத் திரும்ப மூடிமேல் வைத்து, பால் போத்தல்களைக் கழுவி வேலியோரம் கவிழ்த்தார். கிளின்ரனின் மகளுக்கு ஆவணியில் கலியாணம்.