உண்மை என்றே வைத்துக்கொள்வோம்

"அந்தம்மா சொல்றது அத்தனையும் உண்மைன்னே வெச்சுக்குவோம்" என்று அண்ணனின் வக்கீல் வாதத்தைத் தொடங்கியதும் தையல்காரிக்குத் தூக்கிவாரிப்போட்டது. பொய்க்காரி என்று வறுத்தெடுப்பார்கள் என நினைத்துக் காலையில் சாப்பாடுகூட இறங்காமல் வந்திருந்தாள். இங்கே எதிராளியின் வக்கீலே அவளை நம்புகிறார்.

அது அங்குள்ள முறை. உள்ளே வரும் முன்பே அவளுடைய வக்கீலம்மா விளக்கியிருந்தார். "உங்க அண்ணன் வழக்கையே ரத்து பண்ணச் சொல்லி மேல் கோர்ட்டுக்கு வந்திருக்காரு. இங்க சாட்சியெல்லாம் விசாரிக்க மாட்டாங்க. புகார்ல இருக்கறது நிஜம்னே வெச்சுக்கிட்டு, அப்பவும் அதுல குற்றம்னு ஒண்ணு இருக்கான்னு மட்டும் பாப்பாங்க."

"நிஜமா பொய்யான்னு பாக்கவே மாட்டாங்களா?"

"அது கீழ் கோர்ட்டு வேலை. உன் தொழில்லயே சொல்றேன். அளவுச் சீட்டுல கழுத்தளவே இல்லேன்னா சட்டை ஆகாதுன்னு இப்பவே சொல்லிடலாம். எழுதின அளவு சரியான்னு போட்டுப் பாத்தாதானே தெரியும்?"

புகாரில் எல்லா அளவும் இருந்தது. 'கொன்றுவிடுகிறேன் என்று கத்தியபடி அண்ணன் என்னை மாடிப்படியிலிருந்து தள்ளினான்.' ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்துக்கொண்டு அவள் சொல்லச் சொல்ல, போலீஸ்காரர் எழுதிக்கொண்டது.

நடந்தது வேறு. வீட்டைப் பாகம் பிரித்ததில் மாடி அண்ணனுக்கு வந்தது. அவளுடைய தையல் மிஷினைக் கீழே இறக்க அவனே தூக்கினான். அவள் இரண்டு படி கீழே நின்று, விடமாட்டேன் என்று சக்கரத்தைப் பிடித்து இழுத்தாள். "விடுடி, விழுந்து தொலைக்கப் போற" என்றான். விழுந்தாள். கை முறிந்து கீழே கிடந்தவள் அண்ணாந்து பார்த்தபோது, அவன் அதே படியில் மிஷினை மார்போடு அணைத்தபடி நின்றுகொண்டிருந்தான். தங்கையைவிட மிஷின் பெரிதாகப் போய்விட்டதா என்ற ஆத்திரத்தில்தான் புகாரின் அந்த வாக்கியம் வாயில் வந்தது. அவன் கையை விட்டிருந்தால் மிஷின் உருண்டு அவள் தலையில்தான் விழுந்திருக்கும் என்பது, கட்டுப் பிரித்த பிறகு ஒருநாள், அதே மிஷினில் நூல் கோக்கும்போது உறைத்தது. இரண்டு கையும் மிஷினுக்கு அடியில் இருந்தவன் எந்தக் கையால் தள்ளியிருப்பான்?

அண்ணனின் வக்கீல் முடித்தார். "தள்ளினாருன்னே இருக்கட்டும், கோபத்துல தள்ளினது எப்படிக் கொலை முயற்சி ஆகும்?"

நீதிபதி காகிதத்திலிருந்து கண்ணை எடுத்தார். "கொல்ற எண்ணம் இருந்துச்சா இல்லையாங்கறதை சாட்சியைக் கேக்காம நான் இங்க உக்காந்து முடிவு பண்ண முடியாது. அதுக்கு விசாரணை இருக்கு. மனு தள்ளுபடி." பிறகு, எதற்கென்று தெரியாமல் எழுந்து நின்றுவிட்ட தையல்காரியைப் பார்த்து, "கை முறிஞ்சவங்க எதுக்கு நிக்கறீங்க, உக்காருங்கம்மா" என்றார்.

அந்தக் கனிவை வாங்கிக்கொள்ள அவளுக்கு உடம்பில் இடம் இல்லை.

தாழ்வாரத்தில் வக்கீலம்மாவிடம் கேட்டாள். "நாங்க சமாதானமாப் போயிட்டோம்னா?"

"இது இப்ப உங்க குடும்பச் சண்டை இல்லம்மா, அரசாங்கத்தோட வழக்கு. கொலை முயற்சின்னா, நீங்க ராசியானாலும் லேசுல ரத்து பண்ண மாட்டாங்க. கீழ் கோர்ட்டுல கூண்டேறி நீ சொல்றதுதான் இனிமே." வக்கீலம்மா நின்றார். "ஏன், வேற ஏதாவது சொல்றதுக்கு இருக்கா?"

"இல்ல" என்றது அவள் வாய்.

லிஃப்ட் திறந்திருந்தது. உள்ளே அண்ணனும் அண்ணியும். அண்ணன் லிஃப்ட் மெக்கானிக். வழக்கு வந்ததிலிருந்து கம்பெனி அவனை வேலைக்குக் கூப்பிடவில்லை.

"வரச் சொல்லுங்க உங்க தங்கச்சியை" என்றாள் அண்ணி. "படியில இறங்கினா அதுக்கும் உங்களைத்தான் சொல்லுவா."

அவன் தங்கையின் முகத்தைப் பார்க்கவில்லை. தொழில் பழக்கத்தில் ஒரு கையை மட்டும் கதவின் குறுக்கே நீட்டினான். மூட வந்த கதவு அவன் உள்ளங்கையில் இடித்துத் திரும்பியது. அவள் நகரவில்லை. கதவு மறுபடி வந்தது. அவன் கையை எடுக்கவில்லை.