இல்லாத கடையின் மனு

"கடையை எடுத்தாச்சுங்க ஐயா. இல்லாத கடையை இடிக்காதேன்னு ஒரு மனு எதுக்கு? இனிமே இதுல பயனில்ல. தள்ளுபடி பண்ணிடலாம்" என்றார் நகராட்சி வக்கீல்.

என் முடிதிருத்தும் கடையை இடிக்கக் கூடாது என்றுதான் அந்த மனுவைப் போட்டேன். ஒவ்வொரு முறையும் வாய்தா வாங்கியது இதே மனிதர். வாய்தாவுக்கு நடுவே ஒரு காலையில் இயந்திரம் வந்து கடையைத் தரைமட்டமாக்கியது. ஒருவனைக் கிணற்றில் தள்ளிவிட்டு, ஆள்தான் இல்லையே, கயிறு எதற்கு என்று கேட்கிற கதைதான் இது.

என் வக்கீல் என் நாத்தனார். வீட்டில் அவள் வாய்க்கு யாரும் ஈடுகொடுக்க முடியாது. நீதிபதியைக் கண்டால் மட்டும் நாக்கு ஒட்டிக்கொள்ளும். என் காதருகே குனிந்தாள்.

"அண்ணி, சரின்னு தலையாட்டிடுங்க. நஷ்டஈடு கேட்டுப் புதுசா போட்டுக்கலாம்."

"நஷ்டஈடு யாருக்கு வேணும்? எனக்கு இடம் வேணும்."

தள்ளுபடியானால் அன்று மாலையே அங்கே வேலி போட்டுவிடுவார்கள். கம்பிச் சுருளைக்கூடக் கொண்டுவந்து இறக்கியாயிற்று. விறுக்கென்று எழுந்தேன்.

"ஐயா, கடை இருக்கு. இன்னிக்குக் காலையிலகூட முடி வெட்டிட்டுத்தான் வர்றேன்."

நாத்தனார் என் கையைப் பிடித்து இழுத்தாள். பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். நீதிபதி சிரிக்கவில்லை. நகராட்சிப் பொறியாளரை எழச் சொன்னார்.

"அந்த இடத்துல ஏதாவது மிச்சம் இருக்கா?"

பொறியாளர் எழுந்தார். "ஒரு நாற்காலி இருக்குங்க ஐயா. முடிவெட்டுற நாற்காலி. தரையோட போல்ட் போட்டு இறுக்கினது."

"அதை ஏன் விட்டீங்க?"

"அந்தம்மா அதுல ஏறி உக்காந்துட்டாங்க."

ஆமாம், உட்கார்ந்தேன். சுவர் விழுந்த புழுதியில் இருமிக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். இயந்திரக்காரர் ஹாரன் அடித்துப் பார்த்தார், கத்திப் பார்த்தார், கடைசியில் இறங்கிப் போய்விட்டார். மறுநாளே வாடிக்கைக்காரர்கள் வந்துவிட்டார்கள். கூரை போனால் என்ன, வெளிச்சம் பிரமாதம். மாட்டச் சுவர் இல்லாததால், அடுத்து வெட்டிக்கொள்ளப் போகிறவர் கண்ணாடியைக் கையில் பிடித்துக்கொண்டு எதிரே நிற்பார். கை வலித்தால் ஊர்க்கதை பேசுவதை நிறுத்திவிட்டு என்னை அவசரப்படுத்துவார்.

"தொழில் நடக்குதுன்னா மனுவுக்கும் உயிர் இருக்கு" என்றார் நீதிபதி. "தள்ளுபடி கிடையாது. வழக்கு முடியற வரைக்கும் அந்த நாற்காலியையோ இந்தம்மாவையோ யாரும் தொடக் கூடாது. சரி, கேஸ் நடக்கும்போதே ஏன் இடிச்சீங்க? அதுக்குப் பதில் சொல்லுங்க."

நகராட்சி வக்கீல் வழக்குக் கட்டைப் புரட்டினார். "பதில் தாக்கல் பண்ண அவகாசம் வேணும் ஐயா."

நான் வாயைத் திறப்பதற்குள் நாத்தனார் எழுந்துவிட்டாள். வீட்டில் கேட்கிற அதே குரல்.

"எவ்வளவு நாள் வேணும்னாலும் எடுத்துக்கட்டும் ஐயா. அத்தனை நாளும் எங்க அண்ணி அங்கதான் முடி வெட்டுவாங்க."