தெருவில் கேட்காத ஆட்டம்

லூசில் மூன்றாவது ஜன்னலையும் இழுத்துச் சாத்தினாள். ஜூலை வெயில் கண்ணாடியில் தகித்தது. அறைக்குள் இருந்த கொஞ்சநஞ்சக் காற்றும் நின்றுபோயிற்று.

“எதுக்குச் சாத்துற?” என்றார் கட்டிலில் கிடந்த கஸிமிர்.

“தூசிப்பா. எதிர்த்த வீட்ல கூரையைப் பிரிக்கிறாங்க.”

“சுத்தியல் சத்தமே கேக்கல?”

“சாப்பிடப் போயிருக்காங்க.”

கஸிமிர் மகளையே பார்த்தார். எதிர்த்த வீட்டில் யாரும் எதையும் பிரிக்கவில்லை. லூசிலுக்கு முகம் திருப்பிக்கொள்ள ஒரு காரணம் வேண்டியிருந்தது. திரைச்சீலையைச் சரிசெய்வதுபோல நின்றாள்.

கஸிமிர் ஸரெம்பாவுக்குச் சந்தேகம் என்பது மூக்குக் கண்ணாடி மாதிரி. போட்டுக்கொள்ளாமல் எதையும் பார்க்கமாட்டார். கறிக்கடைக்காரர் தராசில் கட்டைவிரலை வைத்து அழுத்துகிறார் என்று சந்தேகம். பாதிரியார் பிரசங்கத்தைப் பாதியிலேயே முடிப்பது மீன்பிடிக்கப் போவதற்குத்தான் என்று சந்தேகம். டெட்ராய்ட் கார்த் தொழிற்சாலையில் ஆயுள் முழுக்க உழைத்து ஓய்வுபெற்றபோது பரிசாகக் கொடுத்த கடிகாரத்தைக்கூட, மேஜை மேல் வைத்து வானொலி மணியோடு ஒப்பிட்டுப் பார்த்த பிறகுதான் கையில் கட்டினார்.

பேஸ்பால் ஆட்டத்தை வானொலியில் கேட்கும்போதும் அப்படித்தான். வர்ணனையாளரை அவர் நம்பியதே கிடையாது. “அவன் சம்பளத்துக்குக் கத்துறான்” என்பார். லூசில் சின்னப்பெண்ணாக இருந்தபோதே சொல்லிக்கொடுத்துவிட்டார்: “அந்த ஆள் பேசுறத கேக்காத. அவனுக்குப் பின்னால கூட்டம் இருக்கு பாரு, அதைக் கேளு. பந்து எங்க போகுதுன்னு அவனுக்கு முன்னாடி கூட்டத்துக்குத் தெரியும்.” கண்ணை மூடிக்கொண்டு அவர் கேட்கும்போது வீட்டில் யாரும் வாய் திறக்கக்கூடாது. சில சமயம் வர்ணனையாளர் பந்து எல்லையைத் தாண்டுகிறது, ஹோம் ரன் என்று கூவ ஆரம்பிக்கும்போதே இவர் “பிடிச்சுட்டான்” என்று உதட்டைப் பிதுக்குவார். பிடித்துத்தான் இருப்பார்கள்.

இப்போது மூன்று நாளாக ஆட்டம் எங்கே என்று கேட்டுக்கொண்டிருந்தார். ஆட்டம் கிடையாது. வருஷா வருஷம் ஜூலை நடுவில் நட்சத்திர ஆட்டக்காரர்களுக்கென்று ஒரு போட்டி வைப்பார்கள். அதற்காக எல்லா டீம்களும் சில நாள் மட்டையைக் கீழே வைத்துவிடும். அது கஸிமிருக்குத் தெரியாததல்ல. ஆனால் வலிக்குக் கொடுத்த மருந்தில் நாள் கிழமை கலைந்துபோயிருந்தது. முதல் நாள் மழை என்றார்கள். இரண்டாம் நாள் டீம் பிரயாணத்தில் இருக்கிறது என்றார்கள். இன்று காலை, மின்சாதனக் கடையில் வேலை பார்க்கும் தம்பி ஜெரோம், கையில் ஒரு காசெட் ரெக்கார்டருடன் சமையலறைக்குள் வந்தான்.

“போன செப்டம்பர்ல நான் பதிஞ்சு வெச்ச மேட்ச் அக்கா. நம்ம டீம் அடிச்சுத் தொவைச்சிருப்பாங்க. கட்டிலுக்கடியில வெச்சு ஓட்டிடலாம். மேல ரேடியோவோட லைட்டு மட்டும் எரியட்டும்.”

“அவர்கிட்டயா? டேய், அவரு ரொட்டிக்காரன் மாறினாலே ரொட்டியைக் கடிச்சுப் பார்த்துச் சொல்லிடுவாரு.”

“இப்ப அந்த அப்பா இல்லக்கா அவரு.” ஜெரோமுக்குக் கண் கலங்கிவிட்டது. “கடைசியா ஒரு மேட்ச் ஜெயிக்கிறதக் கேட்டுட்டுப் போகட்டுமே.”

கடைசி என்ற சொல்லை அந்த வீட்டில் சமையலறையில் மட்டும்தான் சொல்லலாம். வயிற்றில் புண், ஆறிக்கொண்டு வருகிறது என்றுதான் கஸிமிரிடம் சொல்லியிருந்தார்கள். டாக்டரிடம் அப்படிச் சொல்லச் சொன்னதும் ஜெரோம்தான். அப்பாவுக்குத் தெரிந்தால் உடைந்துபோய்விடுவார் என்றான். லூசில் அப்போதே வேண்டாம் என்றிருக்கலாம். சொல்லவில்லை. அதிலிருந்து தினமும் ஒரு புதுப் பொய் பிடித்து வைக்க வேண்டியிருந்தது.

ஜன்னல் விஷயமும் ஜெரோமின் யோசனைதான். ஆட்டம் இருக்கிற மத்தியானத்தில் அந்தத் தெருவில் எல்லா வீட்டு முகப்பிலும் ரேடியோ ஓடும். தெருமுனையிலிருந்து கடை வரைக்கும் நடந்துபோனால்கூட ஒரு பந்து தவறாமல் கேட்டுக்கொண்டே போகலாம். இன்று தெரு ஊமையாக இருந்தது.

டேப் ஓடத் தொடங்கியது. பழக்கமான கரகரப்பு, கூட்டத்தின் இரைச்சல், வர்ணனையாளரின் குரல். கஸிமிர் கண்ணை மூடிக்கொண்டார். ஜெரோம் அக்காவைப் பார்த்து வெற்றிப் புன்னகை பூத்தான். அறை அடுப்பு மாதிரி இருக்கவே, ஐஸ் வாங்கி வருகிறேன் என்று கிளம்பிவிட்டான்.

ஒன்பது இன்னிங்ஸ் ஆட்டத்தில் இரண்டாவது முடிந்ததும் விளம்பரம் வந்தது. “பள்ளிக்கூடம் திறந்தாச்சு! பிள்ளைகளுக்குப் புது ஷூ வாங்கியாச்சா?” அந்த ஊரில் பள்ளிக்கூடம் திறப்பது செப்டம்பரில்; ஜூலையில் இந்த விளம்பரம் வராது. லூசிலுக்குத் தூக்கிவாரிப்போட்டது. உடனே பலமாக இருமினாள். தண்ணீர்க் குவளையை எடுத்து, வேண்டுமென்றே தட்டின் மேல் போட்டாள்.

கஸிமிர் கண்ணைத் திறக்கவில்லை. “என்ன ஆச்சு உனக்கு?”

“தொண்டை கரகரங்குதுப்பா.”

“உம்.”

மூன்றாவது இன்னிங்ஸில் நம்ம டீம் மூன்று ரன் எடுத்தது. நான்காவதில் இன்னும் நான்கு. பேஸ்பாலில் ஒரு முழு ஆட்டத்துக்கே ஏழு ரன் அதிகம். கஸிமிரின் புருவம் ஏறிற்று.

“இவனுங்களா?” என்றார். “இந்த வருஷம் இவனுங்களா ஏழு ரன் எடுக்குறானுங்க?”

“நல்லா ஆடுறாங்கப்பா இன்னைக்கு.”

“குடிச்சிருப்பானுங்க.”

அவள் சிரித்துவிட்டாள். நிஜமாகவே சிரித்தாள். அந்தச் சிரிப்பு அடங்குவதற்குள் கட்டிலுக்கடியில் டிக் என்று ஒரு சத்தம். ஆட்டம் பாதி வார்த்தையில் நின்றது. காசெட்டின் ஒரு பக்கம் முடிந்துவிட்டது. அதைத் திருப்பிப் போட ஜெரோம் இல்லை. லூசில் அந்த யந்திரத்தைத் தொட்டதே இல்லை. மேஜை மேல் ரேடியோவின் விளக்கு மட்டும் ஒன்றுமறியாததுபோல எரிந்துகொண்டிருந்தது.

“ஸ்டேஷன்ல ஏதோ கோளாறு போல” என்றாள்.

“ஜன்னலைத் திற.”

“தூசி வரும்பா.”

“வரட்டும். திற.”

திறந்தாள். வெளியே யாரோ புல் வெட்டிக்கொண்டிருந்தார்கள். குழந்தைகள் ரப்பர்க் குழாயில் தண்ணீர் பீய்ச்சிக் கத்திக்கொண்டிருந்தன. தூரத்தில் ஒரு நாய். கஸிமிர் தலையை லேசாகத் திருப்பி, ஆட்டம் கேட்பதுபோலவே கண்ணை மூடிக்கொண்டு கேட்டார்.

“நம்ம டீம் ஏழு ரன் எடுக்குது. ஒரு வீட்லயும் ரேடியோ ஓடல” என்றார். “தெருவுல இருக்கிறவன்லாம் செத்துட்டானா, இல்ல நான் செத்துட்டேனா?”

லூசில் வாயைத் திறந்தாள். மழை, பிரயாணம், கூரை, தூசி எல்லாம் தீர்ந்துபோயிருந்தன.

“டேப்புப்பா. இன்னைக்கு மேட்ச் இல்ல. இடைவேளை நாள்.”

“அவன் வேலையா?”

“ஆமா.”

“பள்ளிக்கூட ஷூவை அவன் வெட்டி எடுத்திருக்கலாம்.” கஸிமிரின் குரலில் கோபம் இல்லை. அதுதான் லூசிலைக் கலக்கியது. “சரி. டாக்டர் சொன்னதும் டேப்புதானே?”

லூசில் திரைச்சீலையின் மடிப்பை நீவினாள்.

“நான் டாக்டரைக் கேக்கவே இல்ல லூசி. சமையல்கட்டைக் கேட்டேன். யாரும் பாத்திரத்தை உருட்டுறதில்ல. கதவை அடிச்சுச் சாத்துறதில்ல. ஜெரோம் நான் எதைச் சொன்னாலும் சரிங்கிறான். நீ என்கூடச் சண்டை போட்டு ஒரு மாசம் ஆச்சு. புண்ணு ஆறுற வீடு இப்படியா இருக்கும்?”

லூசில் கட்டில் விளிம்பில் உட்கார்ந்தாள். “புண்ணு இல்லப்பா. புத்துநோய். கொஞ்ச நாள்தான்னு டாக்டர் சொன்னாரு.”

சொல்லிவிட்டு, அவர் உடைந்துபோகக் காத்திருந்தாள். அவர் உடையவில்லை. போர்வை நுனியை விரலால் மடித்தார். மறுபடி பிரித்தார்.

“ஆஸ்பத்திரியில உங்க அம்மாகிட்ட நானும் இப்படித்தான் பண்ணேன்” என்றார். “சீசன் ஆரம்பிக்கிறதுக்குள்ள நீ வீட்டுக்கு வந்துருவே, முகப்புல உக்காந்து கேக்கலாம்னேன். தினமும் கேப்பா, எனக்கு என்னங்க ஆச்சுன்னு. தினமும் சிரிச்சேன். ஒருநாள் கேக்குறத நிறுத்திட்டா. நம்பிட்டான்னு நெனச்சு சந்தோஷமா வீட்டுக்கு வந்தேன்.”

புல் வெட்டும் சத்தம் நின்று, மறுபடி ஆரம்பித்தது.

“அவ நம்பல. இந்த ஆள்கிட்டப் பேசிப் பிரயோசனம் இல்லைன்னு விட்டுட்டா. அவளுக்கு ஏதோ சொல்லணும்னு இருந்திருக்கும். என்னன்னு எனக்குத் தெரியாமயே போச்சு.”

“உங்களுக்கு என்ன சொல்லணும்பா?”

தொழிற்சாலையில் விரல் நசுங்கியபோதுகூடப் பல்லைக் கடித்துக்கொண்டு தானே பஸ் ஏறி ஆஸ்பத்திரிக்குப் போன மனிதர் அவர்.

“பயமா இருக்கு” என்றார்.

லூசில் அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். இத்தனை நாளாக அந்தக் கைக்கு மாத்திரை கொடுத்திருக்கிறாள், ஸ்பூன் கொடுத்திருக்கிறாள். வெறுமனே பிடித்ததில்லை. “எனக்கும்தான்பா” என்றாள். அழுகை வந்தது. அதை அவள் மறைக்கவில்லை. அவரும் வேறு பக்கம் பார்க்கவில்லை.

பின்கதவு திறக்கும் சத்தம் கேட்டது. ஐஸ் மூட்டையைத் தொட்டியில் ஜெரோம் கொட்டினான்.

கஸிமிர் கையை இழுத்துக்கொண்டார். “மூஞ்சியத் துடை. அவன்கிட்ட ஒண்ணும் சொல்லாத.”

“ஏம்பா? அவனும் வந்து உக்காரட்டுமே.”

“அவனால தாங்க முடியாது. நீ தாங்குவ.”

லூசிலுக்குச் சட்டென்று கோபம் வந்தது. சின்ன வயதிலிருந்தே இதைத்தான் கேட்டிருக்கிறாள். அம்மாவின் சவப்பெட்டியைத் தேர்ந்தெடுக்கவும் அவள்தான் தாங்கினாள். எனக்கும் முடியாதுப்பா என்று சொல்ல நாக்கு நுனிவரை வந்தது. அவர் முகத்தைப் பார்த்தாள். சட்டை நுனியால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

ஜெரோம் கிண்ணத்தில் ஐஸோடு வந்தான். அறை அமைதியாக இருப்பதைக் கண்டு திடுக்கிட்டான். திறந்த ஜன்னலைப் பார்த்தான். அக்காவைப் பார்த்தான்.

“ரேடியோ நின்னு போச்சுடா” என்றார் கஸிமிர். “ஏழு ரன் அடிச்சிருக்கானுங்க. அதைத் தட்டி ஏதாவது சரி பண்ணு.”

ஜெரோம் குனிந்து கட்டிலுக்கடியில் கைவிட்டான். பிளக்கைப் பார்ப்பதாகச் சொன்னான். காசெட்டைத் திருப்பிப் போடும் சத்தம் மூன்று பேருக்கும் தெளிவாகக் கேட்டது. ஆட்டம் மறுபடி தொடங்கியது.

“ஆங்” என்றார் கஸிமிர். கண்ணை மூடிக்கொண்டார். “உக்காரு ஜெரோம். பேசாம கேளு. கூட்டத்தைக் கேளு.”

எட்டாவது இன்னிங்ஸ் வரை விழித்திருந்தார். ஒவ்வொரு ரன்னுக்கும் மகனின் முழங்காலைத் தட்டினார். மறுநாள் காலை லூசில் காபி போட்டு எடுத்துவந்தபோது மூச்சு நின்றிருந்தது.

அடக்கம் முடிந்து தேவாலயக் கூடத்தில் சாப்பாடு நடந்தது. கோழி வறுவல், முட்டைக்கோஸ் உருண்டை, கசகசா ரொட்டி. லூசில் பெரிய கரண்டியோடு பரிமாறிக்கொண்டிருந்தாள். அப்பாவோடு முப்பது வருஷம் சீட்டாடிய பக்கத்து வீட்டு வால்டரிடம் ஜெரோம் சொல்லிக்கொண்டிருந்தான்.

“கடைசி வரைக்கும் அவருக்குத் தெரியாது மாமா. பழைய டேப்பைப் போட்டோம். நிஜ மேட்சுன்னே நெனச்சாரு. நோவும் ஆறிடும்னே நெனச்சாரு. சந்தோஷமாப் போனாரு.”

வால்டர் முட்டைக்கோஸ் உருண்டையைப் பாதியில் நிறுத்தினார்.

“யாரு? கஸிமிரா?” என்றார். “கஸிமிரா கண்டுபிடிக்கல?”

அவர் பார்வை தட்டிலிருந்து எழுந்து லூசிலிடம் வந்து நின்றது. ஜெரோமும் திரும்பினான். அவன் முகம் மெல்ல மாறியது.

“அக்கா. நான் ஐஸ் வாங்கப் போனப்ப அப்பா ஏதாவது கேட்டாரா?”

“ஸ்கோர் கேட்டாரு.”

“அவ்ளோதானா?”

“நீ எப்ப வருவேன்னு கேட்டாரு.”

ஜெரோம் இன்னும் அவளையே பார்த்துக்கொண்டிருந்தான். அப்பாவின் கண் அது, அதே மாதிரி சுருக்கிப் பார்க்கிறது. லூசில் அசையாமல் நின்றாள். வால்டர் தன் தட்டுக்குத் திரும்பினார், உருளைக்கிழங்கில் உப்பு போட்டுக்கொண்டார்.

“ஜன்னல் திறந்திருந்துச்சே” என்றான் ஜெரோம்.

“வேர்த்துச்சு. திறந்தேன்.”

அவன் தோள்கள் இறங்கின. மூன்று நாளாகச் சாப்பிடாதவன், அப்போதுதான் தட்டை இழுத்துக்கொண்டு உட்கார்ந்தான். ஒரு கோழித் துண்டைக் கையாலேயே பிய்த்து வாயில் போட்டான். வாய் நிறைய மென்றபடி இன்னொன்று என்று கை நீட்டினான். லூசில் வைத்தாள். சாஸ் சட்டையில் சிந்தியது, அவன் கவனிக்கவில்லை. அவள் கரண்டியைக் கீழே வைக்காமல், அவன் சாப்பிட்டு முடிக்கும் வரை பக்கத்திலேயே நின்றாள்.