பின்னேரம் விழுங்கும் மெஷின்

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை ஞானத்தில் பிறக்கவில்லை, தாகத்தில் பிறந்தது. போன நோன்பில் ஒரு பின்னேரம், கல்முனைக்குடியில் பள்ளிவாசல் கஞ்சி வரிசையில் வாளியோடு நின்றேன். நாக்கு அண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. இந்தச் சூரியனைப் பிடித்து ஒரு இழுப்பு இழுத்தால் என்ன என்று தோன்றியது. கஞ்சி குடித்ததும் தாகம் போய்விட்டது, அந்த யோசனை மட்டும் போகவில்லை.

ஆகவே ஒரு பிரபஞ்சம் செய்தேன். பெரிதாக மெனக்கெடவில்லை. கல்முனையை அப்படியே தூக்கி வைத்தேன்: கடல், சந்தை, பாண்டிருப்புப் பக்கம் ஹோர்ன் அடித்துக்கொண்டு போகும் பஸ், எல்லாம். ஒன்றே ஒன்றை மாற்றினேன். அங்கே சூரியன் சொல்வழி கேட்கும்.

(மார்க்கத் தீர்ப்பு கேட்டு என்னிடம் வராதீர்கள். அங்கே சூரியன் நிசமாகவே வயல் பக்கம் இறங்கிவிடுகிறது. இறங்கினால் நோன்பு திறக்கலாம்தானே.)

2

முதல் தொடக்கம்: "காலம் என்பது ஒரு..." வேண்டாம். கொட்டாவி வருகிறது.

இரண்டாவது: "விஞ்ஞானி முகம்மது தம்பி தன் ஆய்வுகூடத்தில்..." எந்த ஆய்வுகூடம்? மனுசன் லாண்ட்மாஸ்டர்* திருத்துகிறவர்.

மூன்றாவது நிற்கிறது:

முகம்மது தம்பி பழைய எஞ்சின் ஒன்றில் ஒரு சக்கரத்தைப் பூட்டினார். தலைநோன்பு அன்று பின்னேரம் அஸர் தொழுதுவிட்டு வந்து அதைச் சுழற்றினார். சூரியன் சரசரவென்று இறங்கியது. நோன்பு திறக்கும் மஃரிப் பாங்கு கேட்டது. கஞ்சி வெந்திருந்தது, ரோல்ஸ் பொரிந்திருந்தது. யார் பொரித்தது, எப்போது பொரித்தது என்று ஒருவருக்கும் ஞாபகமில்லை. ஊர் வாயைப் பிளந்தது, பிறகு அதே வாயில் பேரீச்சம்பழத்தைப் போட்டுக்கொண்டது. மறுநாளிலிருந்து அவருக்குக் கிடைத்த மரியாதையைச் சொல்லி முடியாது.

* வயல் உழும் இரண்டு சில்லு உழவு மெஷின். தெரிந்தவர்கள் இந்தக் குறிப்பை மன்னிக்க வேண்டும்.

3

இனி அவருடைய மனைவி றுகையா. கஞ்சிக் கோப்பையைக் கொண்டுவந்து வைக்கத்தான் அவளைக் கதைக்குள் கூப்பிட்டேன். வந்தவள் போகமாட்டேன் என்று குந்திவிட்டாள்.

காரணம் இருக்கிறது. இந்தக் கரையில் கலியாணம் முடித்தால் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்கு வருவார், மகள் உம்மாவை விட்டுப் போவதில்லை. றுகையாவின் மகள் அப்னாவும் போகவில்லை. ஆனால் அவளுடைய மாப்பிள்ளைக்குத் தோஹாவில் வேலை, இப்போது அவளுக்கும் விசா வந்துவிட்டது. பெருநாள் கழிந்ததும் பயணம். ஒரு மகளை அனுப்பிவைப்பது எப்படி என்று றுகையாவுக்குத் தெரியாது. அவளுடைய உம்மாவுக்கும் தெரியாத வேலை அது.

அப்னாவின் பகல் தூக்கத்திலும் கடையிலும் தையல்காரி வீட்டிலும் போகும். இரவு மாப்பிள்ளையோடு போனில் போகும். உம்மாவுக்கென்று மிஞ்சுவது அஸருக்குப் பின் இருவரும் குசினியில் சமைத்தபடி இருக்கும் நேரம். மெஷின் விழுங்கியது அதைத்தான்.

"இஞ்ச பாருங்க, இண்டைக்கு அதச் சுத்தாதீங்க," என்றாள் றுகையா.

"என்ன கதைக்கிறாய்? ஊரே பாத்துக்கிட்டு நிக்குது," என்றார் முகம்மது தம்பி.

"நிண்டா நிக்கட்டும். ஒவ்வொரு நாளும் எண்ட கையில வெங்காய மணம் கிடக்கு. நானும் புள்ளயும் இருந்து வெட்டியிருக்கம். என்ன கதைச்ச நாங்க? எண்ட புள்ள சிரிச்சாளா, அழுதாளா? ஒண்டும் தெரியாதே!"

அவர் மகளைப் பார்த்தார்.

"தாகமாக் கிடக்கும்மா. வாப்பா சுத்தட்டுமே," என்றாள் அப்னா.

பிள்ளை மனசில் ஒன்றும் வைத்துச் சொல்லவில்லை, தாகத்தில்தான் சொன்னாள். றுகையாவுக்கோ நெஞ்சு வெடித்துவிட்டது. நான் அடுத்த வரியை எழுதினேன்:

"அவர் சுழற்றினார். பின்னேரம் கழிந்தது."

4

எழுதிவிட்டு எழும்பி ஒரு நடை நடந்தேன். திரும்பி வந்தால், றுகையா புருசனை விட்டுவிட்டு என் பக்கம் திரும்பி நிற்கிறாள்.

"அந்த மனுசனுக்கு ஒரு எஞ்சினாவது வேணும். நீங்க ரெண்டு சொல்லுல எண்ட பின்னேரத்த முடிச்சுப்போட்டீங்களே!"

ஆடிப்போனேன். மேலே போய்ப் பார்த்தேன். "மறுநாளிலிருந்து" என்று ஒரே சொல் போட்டு எத்தனை பின்னேரங்களை வாரிக் கொட்டியிருக்கிறேன்! கதை எழுதுகிறவர்கள் எல்லாரும் இந்தச் சக்கரத்தைத்தான் சுழற்றுகிறோம். இல்லாவிட்டால் ஒரு கதையும் முடியாது.

"எல்லாத்தையும் எழுத ஏலாது, ராத்தா," என்றேன்.

"எல்லாத்தையும் ஆரு கேட்ட? ஒரு பின்னேரம் தாங்க."

5

முடிவுகளைப் போட்டுப் பார்த்தேன்.

ஒன்று: றுகையா எஞ்சினைக் கிணற்றில் தள்ளுகிறாள். சரிவராது, அந்த மனுசன் நாளைக்கே இன்னொன்று செய்துவிடுவார்.

இன்னொன்று: சக்கரத்தை எதிர்ப்பக்கம் சுழற்ற, அப்னா சின்னப் பிள்ளையாகி உம்மாவின் மடியில்... சீ, மலிவு. றுகையா கேட்டது அதுவல்ல.

அந்த வரியை முழுதாக அடித்தேன். ஆறுதலாக எழுதினேன்:

முகம்மது தம்பியின் கை சக்கரத்தில் இருக்கிறது. இன்னும் சுழற்றவில்லை. குசினியில் அப்னா பலகையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். உம்மா வெங்காயத்தை நீட்டினாள். அப்னா உரிக்கத் தொடங்கியவள் நிமிராமலே கேட்டாள்:

"உம்மா, அங்க அவர் டியூட்டில நிண்டா, நான் ஆரோட நோன்பு திறக்கிற?"

போன பின்னேரங்களிலும் இதையேதான் கேட்டிருக்கிறாள். அவளுக்கும் ஞாபகமில்லை, உம்மாவுக்கும் ஞாபகமில்லை. எழுதிய எனக்கே இப்போதுதான் தெரியும்.

றுகையா கத்தியைக் கீழே வைத்தாள். மகளின் கையைப் பிடித்தாள். சொல்ல வாயெடுத்தாள், அவள்

இந்த வரியை நான் முடிக்கப்போவதில்லை. வெளியே ஊர் கோப்பையோடு காத்திருக்கிறது. சின்னப் பிள்ளைகளும் நோன்போடு நிற்கிறார்கள், தொண்டை வறண்டு கிடக்கிறது. அவர்களும் பாவம். "பாங்கு கேட்டது" என்று எழுதினால் குடித்துவிடுவார்கள். அதை நான் எழுதமாட்டேன். நீங்கள் இந்தப் பக்கத்தை மூடும்போது பாங்கு தானாகக் கேட்கும், கதைத்ததெல்லாம் அவர்களுக்கு மறந்தும் போகும். சக்கரத்தில் இப்போது இருப்பது உங்கள் கை.

அவசரம் இல்லையென்றால் கொஞ்சம் இருங்கள். உம்மா இப்போதுதான் பேசத் தொடங்குகிறாள்.