பன்னிரண்டு விநாடி சூன்யம்

விசாரணை பத்தரை மணிக்கு. பத்துக்கே அக்காவும் தங்கையும் தங்கை வேலை பார்த்த கம்பெனியின் மூன்றாம் மாடி வராந்தாவில் வந்து உட்கார்ந்துவிட்டார்கள். தங்கையின் கைக்குட்டையைப் பிழிந்தால் சொட்டும். அக்கா பரீட்சைக்குக் கேள்வித்தாள் முன்கூட்டியே கிடைத்தவளைப் போல உட்கார்ந்திருந்தாள்.

"எப்படிக்கா உன்னால இப்படி உட்கார முடியுது?"

"நாற்காலி நல்லா இருக்குடீ."

அந்தக் கம்பெனியில் வாடிக்கையாளர்களின் புகாரைத் தொலைபேசியில் கேட்டுப் பதில் சொல்வது தங்கையின் வேலை. ஒரே கூடத்தில் நாற்பது பேர், நாற்பது கம்ப்யூட்டர், நாற்பது ஹெட்போன். அவர்களுக்கு மேலாளர் ஒருவர். யார் கழிப்பறைக்குப் போனாலும் போன நேரம், வந்த நேரம் இரண்டையும் குறித்துவைப்பார். கூடமே சேர்ந்து அவருக்கு 'ஸ்டாப்வாட்ச்' என்று பெயர் வைத்திருந்தது. இதைப் பற்றித் தங்கை மேலிடத்துக்கு ஒரு கடிதம் எழுதினாள். மேலிடம் அவரைக் கூப்பிட்டு நாலு கேள்வி கேட்டது. அதற்குப் பத்தாம் நாள் விசாரணை முடியும்வரை வேலைக்கு வர வேண்டாம் என்று அவள் சீட்டைக் கிழித்தார்கள்.

குற்றச்சாட்டு இதுதான்: 'இன்னொரு வாட்டி வாயைத் திறந்தா போலீஸ்ல கொடுத்துடுவேன்' என்று ஒரு வாடிக்கையாளரை மிரட்டினாள். ஒலிப்பதிவே இருக்கிறது.

சொன்னாள்தான். ஆனால் அதற்கு முன்னால் அந்த ஆள் அவளைப் பார்த்துச் சொன்னதை எந்தப் பெண்ணும் வீட்டில் வந்து திருப்பிச் சொல்லமாட்டாள். அந்தப் பேச்சு பதிவில் இல்லை. பதிவில் வாடிக்கையாளர் அமைதியாக இருக்கிறார், இவள் திடீரென்று பாய்கிறாள். கேட்டவர்கள் எல்லாரும் உச்சுக்கொட்டினார்கள்.

விசாரணையில் தோற்றால் 'வாடிக்கையாளரை மிரட்டியவர்' என்று ஏட்டில் ஏறும். அப்புறம் இந்தத் தொழிலில் எந்த வாசலிலும் அவளை உள்ளே விடமாட்டார்கள்.

குற்றச்சாட்டுக் கடிதத்தோடு பதிவின் நகல் ஒன்றையும் கம்பெனி கொடுத்திருந்தது. அக்கா அதை வீட்டுக் கம்ப்யூட்டரில் போட்டுக் கேட்டது கடிதம் வந்த இரண்டாம் நாள்.

இங்கே அக்காவின் தொழிலைச் சொல்லியாக வேண்டும். பேச்சைச் சுருக்குவது அவள் வேலை. மனிதக் குரலை அப்படியே சேமித்தால் ஒரு நாள் பேச்சிலேயே கம்ப்யூட்டர் மூச்சுத் திணறும். இருபதில் ஒரு பங்காக அமுக்கி வைத்து, கேட்கும்போது விரித்துக் கொடுப்பதற்கு ஒரு லைப்ரரி வேண்டும். அதாவது, மற்ற மென்பொருள்கள் தங்களுக்குள் வைத்துக்கொண்டு பயன்படுத்தும் ஒரு நிரல் தொகுப்பு. அப்படி ஒன்றை ஆறு வருடம் முன்பு எழுதி, யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளட்டும் என்று இணையத்தில் இலவசமாகப் போட்டாள். எடுத்துக்கொண்டவர்களில் இந்தக் கம்பெனியின் ஒலிப்பதிவு மென்பொருளைச் செய்தவர்களும் இருந்தார்கள்.

அந்த லைப்ரரிக்கு ஒரு குணம். யாரும் பேசாத நேரத்தில் அது ஒலியைச் சேமிக்காது. இடத்தை வீணாக்குவானேன்? ஆனால் அந்த நேரத்தில் அறையில் என்ன இரைச்சல் இருக்கிறது என்று அளந்து, இத்தனூண்டு குறிப்பு ஒன்றை எழுதிவைக்கும். கேட்கும்போது அந்தக் குறிப்பைப் பார்த்து அதே மாதிரி ஒரு மெல்லிய இரைச்சலைத் தானே உண்டாக்கும். இல்லாவிட்டால் லைன் அறுந்துவிட்டது என்று நினைத்து ஜனங்கள் 'ஹலோ, ஹலோ' என்று கத்துவார்கள்.

தங்கையின் பதிவில், அவள் பாய்வதற்குச் சரியாகப் பன்னிரண்டு விநாடி முன்பிருந்து எழுதியிருந்த குறிப்பு: பூஜ்யம்.

நாற்பது பேர் பேசி, நாற்பது விசைப்பலகை தட்டி, தலைக்கு மேலே ஏ.சி. உறுமும் கூடத்தில் பூஜ்யம்! யாரோ பேச்சை வெட்டி எடுத்துவிட்டு, தொலைபேசிக் கணக்கில் உள்ள நேரம் குறையாமல் இருக்க, அந்த இடத்தில் வெறும் வெற்றிடத்தை ஒட்டியிருக்கிறார்கள். அந்த யாரோ யார் என்று ஊகிக்க ஜோசியம் தேவையில்லை.

அன்றைக்கே சொல்லியிருக்கலாம். சொன்னால்? 'எங்கேயோ தவறு நடந்துடுச்சு' என்று வழிந்து, வேலையைத் திருப்பிக் கொடுப்பார்கள். ஸ்டாப்வாட்ச் அதே நாற்காலியில் அதே கடிகாரத்தோடு உட்கார்ந்திருப்பான். அக்காவுக்கு அது போதவில்லை. அவன் தன் வாயாலேயே பொய் சொல்ல வேண்டும். அதை ஒருவர் எழுத வேண்டும். அடியில் அவன் கையெழுத்து இருக்க வேண்டும். பத்தொன்பது நாள் வாயை இறுக்கி மூடிக்கொண்டாள். தங்கை தட்டைத் தள்ளிவிட்டு எழுந்து போன ஒவ்வொரு வேளையும் சொல்லிவிடலாமா என்று நாக்கின் நுனிவரை வந்தது. விழுங்கிவிட்டாள்.

எச்.ஆர். பெண் கையில் ஒரு தாளோடு வந்தாள். "உள்ள போறதுக்கு முன்னாடி ஒரு வார்த்தை. இதுல கையெழுத்து போட்டுட்டா நீங்களா ராஜினாமா செஞ்சதா எழுதிடறோம். ஏட்டுல எதுவும் ஏறாது. உங்க நல்லதுக்குத்தான் சொல்றேன்."

தங்கை பேனாவுக்குக் கை நீட்டினாள். "போட்டுடட்டுமாக்கா? தொல்லை விட்டுதுன்னு போயிடலாம்."

"பேனாவைக் கீழ வை."

"உனக்கென்ன! ஏட்டுல ஏறப்போறது என் பேருதானே?"

"வைடீன்னா வை."

அக்காவின் குரலைக் கேட்டு எச்.ஆர். பெண்ணே ஓரடி பின்வாங்கினாள்.

உள்ளே நீள மேஜை. நடுவில் விசாரணை அதிகாரி, வெளியிலிருந்து அழைக்கப்பட்ட அறுபது வயது அம்மாள். பக்கத்தில் கம்ப்யூட்டர்களைப் பார்த்துக்கொள்ளும் சிஸ்டம்ஸ் ஆள், அவன் முன்னால் கம்ப்யூட்டரும் ஒலிபெருக்கியும். எதிரே ஸ்டாப்வாட்ச், மடிப்புக் கலையாத சட்டையில்.

"துணைக்கு வந்திருக்கிறது யார்?" என்றார் அதிகாரி.

"என் அக்கா மேடம். விதிப்படி ஒருத்தர் வரலாமாம்."

"வரலாம். கேள்வியும் கேட்கலாம்."

அக்கா எழுந்து ஸ்டாப்வாட்ச் பக்கம் திரும்பினாள். "சார், ஒரே ஒரு கேள்வி. இந்தப் பதிவுல யாராவது கை வெச்சிருக்காங்களா?"

"கை வைக்கிறதா? என்னம்மா பேசறீங்க? பதிவானது பதிவானபடியே இருக்கு."

"நிச்சயமா?"

"என் சர்வீஸ் மேல ஆணையா."

"அதை எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தருவீங்களா? எனக்கு மறதி ஜாஸ்தி."

சிஸ்டம்ஸ் ஆள் நிமிர்ந்து மேலாளரைப் பார்த்தான். மேலாளர் அவனைப் பார்க்கவில்லை. சிரித்துக்கொண்டே எழுதினார். சுழித்துச் சுழித்துக் கையெழுத்துப் போட்டார். பேனா மேஜையில் விழுந்த ஓசை அக்காவின் காதில் தேனாகப் பாய்ந்தது.

"இப்ப அதைப் போடுங்க தம்பி. இதே கம்ப்யூட்டர்ல, உங்க மென்பொருள்லயே. சத்தத்தை மட்டும் முழுசா ஏத்துங்க."

ஒலிபெருக்கி இரைந்தது. பேச்சின் இடைவெளிகளில்கூட அந்தக் கூடத்தின் 'உஷ்' ஓயாமல் கேட்டது. திரையின் ஓரத்தில் பச்சைக் கோடு குதித்துக்கொண்டிருந்தது. திடீரென்று எல்லாம் நின்றது. பச்சைக் கோடு படுத்துவிட்டது. கிணற்றுக்குள் தலையை விட்டதுபோல் ஆயிற்று. அதிகாரி அனிச்சையாகத் தன் காதைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார். பன்னிரண்டு விநாடி கழித்து 'உஷ்' திரும்பி வந்தது. கூடவே தங்கையின் குரல்: "இன்னொரு வாட்டி வாயைத் திறந்தா..."

"நிறுத்துங்க," என்றார் அதிகாரி. "நடுவுல என்ன ஆச்சு? எல்லாரும் வீட்டுக்குப் போயிட்டாங்களா?"

"அதைத்தான் மேடம் நானும் கேட்கிறேன். அன்னிக்கு வந்த வேற பத்துப் பதிவை நீங்களே பார்த்து எடுத்துப் போடச் சொல்லுங்க."

பத்தும் போடப்பட்டன. பத்திலும் 'உஷ்' ஒரு கணம்கூட ஓயவில்லை.

ஸ்டாப்வாட்சின் நெற்றியில் வியர்வை அரும்பியது. ஆனால் ஆள் லேசுப்பட்டவர் இல்லை. "மேடம், இது மென்பொருள் கோளாறு. உள்ள இருக்கிறது ஏதோ ஓசி லைப்ரரி. எவனோ வேலைவெட்டி இல்லாதவன் எழுதி இணையத்துல போட்டது. அதை நம்பி என்னைச் சந்தேகப்படறீங்களே!"

அக்கா இதற்காகத்தான் பத்தொன்பது நாள் பட்டினி கிடந்தாள் என்று சொல்ல வேண்டும்.

"தம்பி, அந்த மென்பொருள்ல 'உதவி'யை அழுத்துங்க. 'இந்த மென்பொருள் பற்றி'ன்னு இருக்கா? லைப்ரரி எழுதினவங்க பட்டியல் வரும். ஒன்பதாவது வரி."

சிஸ்டம்ஸ் ஆள் படித்தான். அக்காவின் கழுத்தில் தொங்கிய பார்வையாளர் அட்டையைப் பார்த்தான். மறுபடி திரையைப் பார்த்தான்.

"எவனோ இல்லீங்க சார்," என்றாள் அக்கா. "எவளோ. வேலைவெட்டி இருக்கு, இன்னிக்கு லீவு. கோளாறுன்னீங்களே, அதெப்படி என் தங்கச்சி பதிவுல மட்டும், அவ வாயைத் திறக்கிறதுக்குச் சரியா முன்னாடி, பன்னிரண்டே விநாடி வருது? நான் எழுதினதுக்கு அவ்வளவு சாமர்த்தியம் கிடையாது."

ஸ்டாப்வாட்ச் கைக்குட்டையை எடுத்து நெற்றியைத் துடைத்தார்.

அதிகாரி சிஸ்டம்ஸ் ஆள் பக்கம் திரும்பினார். "இந்தப் பதிவு யார் கம்ப்யூட்டருக்குப் போச்சு?"

"சார் கேட்டார் மேடம். எடுத்துக் கொடுத்தேன். வெட்டி ஒட்டற சாப்ட்வேரும் வேணும்னார். மக பிறந்தநாள் வீடியோவுக்குன்னு சொன்னார். மறுநாள் பதிவைத் திரும்ப வெச்சுட்டார்."

"டேய்!" என்றார் ஸ்டாப்வாட்ச். அந்த ஒரு சொல்லிலேயே எல்லாம் முடிந்தது.

அப்புறம் கெஞ்சல். குடும்பம் இருக்கிறது, பதினாறு வருட சர்வீஸ், ராஜினாமா செய்துவிடுகிறேன், ஏட்டில் மட்டும் வேண்டாம். எச்.ஆர். பெண் அதே தாளைத் தயாராக எடுத்தாள். அதிகாரி தங்கையைப் பார்த்தார். தங்கை அக்காவைப் பார்த்தாள். அக்கா, ஸ்டாப்வாட்ச் கெஞ்சுவதைக் கடைசிச் சொட்டுவரை பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சார் கைப்பட எழுதிக் கொடுத்திருக்காரே மேடம்," என்றாள் தங்கை. "அதையும் சேர்த்தே ஏட்டுல ஏத்துங்க."

பன்னிரண்டு மணிக்குத் தங்கைக்கு வேலை திரும்பக் கிடைத்தது. ஸ்டாப்வாட்சை வாசல்வரை கொண்டுபோய் விட ஒரு காவலாளி வந்தார்.

பேருந்து நிறுத்தத்தில் தங்கை விசும்பிக்கொண்டே சிரித்தாள். "பிசாசுக்கா நீ! அவன் மூஞ்சி போன போக்கைப் பார்த்தியா? ஆமா, இதை எப்பக் கண்டுபிடிச்ச?"

பொய் சொல்லலாம். நேற்று என்று ஒரு வார்த்தை.

"ரெண்டாம் நாள்."

தங்கையின் சிரிப்பு அப்படியே நின்றது. "ரெண்டாம் நாளா? நான் பேனாவை எடுத்தப்பவும் தெரியுமா?"

"தெரியும். முன்னாடியே சொல்லியிருந்தா அவன் தப்பிச்சிருப்பான்டீ."

"நான் செத்துடலாமான்னு யோசிச்சேன்க்கா. ரெண்டு வாட்டி."

அக்கா தங்கையின் கையைப் பிடிக்கப் போனாள். தங்கை உதறிவிட்டு, வந்து நின்ற பேருந்தில் ஏறி, முன்பக்கம் காலியாக இருந்த ஒற்றை இருக்கையில் உட்கார்ந்துகொண்டாள்.

அக்கா கடைசி வரிசைக்குப் போனாள். மன்னிப்புக் கேட்பதற்கு வார்த்தை தேடினாள். தேடும்போதே மனசு அந்த அறைக்கு ஓடிப்போய், 'என் சர்வீஸ் மேல ஆணையா' என்று அவன் சொன்ன இடத்தில் நின்று, இன்னொரு முறை கேட்டு ருசித்துவிட்டு வந்தது.