வேகாத சோயாப்பூ

2024ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதம் பதினோராந் திகதி, ஞாயிற்றுக்கிழமை முற்பகல், எல்லவில் நஸ்மியா நடத்தும் விருந்தினர் விடுதியின் குசினியில், அவருடைய மகள் ஷிஹானா ஒரு கிண்ணம் சோயாச் சலாதை உண்டு முடித்தாள். அவள் ஏழு மாதக் கர்ப்பிணி. சலாதைச் செய்தவள், அங்கே சமைக்கும் பவுலினா.

விடுதியில் தங்கியிருந்த யப்பானியப் பெண்மணி மதியத்துக்குக் கேட்ட உணவு அது. ஊறவைத்த சோயாவை அரைத்துப் பிழிந்து, பாலைத் தனியே காய்ச்சிய பின், எஞ்சிய சக்கையில் வெள்ளரியும் கரட்டும் வெங்காயமும் மயோனைசும் சேர்க்க வேண்டும். அந்தச் சக்கைக்குப் பவுலினா ‘சோயாப்பூ’ என்று பெயர் வைத்திருந்தாள். பார்வைக்குத் துருவிய தேங்காய்ப்பூவேதான். சம்பலுக்குத் தேங்காய்ப்பூவை யார் வேகவைக்கிறார்கள்?

“பவுலினாக்கா, ஒங்க கைக்குத் தங்க வளையல் போடணும்!” என்ற ஷிஹானா, சலாதின் செய்முறையைக் கைப்பேசியில் தேடிப் பார்த்தாள். சிரிப்பு நின்றது.

“அக்கா, சக்கைய வறுத்தீங்களா?”

“எதுக்கு வறுக்கணும்?”

“பச்சையா திங்கக் கூடாதாம். வாந்தி, வயித்துவலி வருமாம்.”

பவுலினா காலிக் கிண்ணத்தை எடுத்துப் பார்த்தாள். ‘இன்னுங் கொஞ்சம் தின்னும்மா’ என்று இரண்டாம் முறை அள்ளி வைத்தவளும் அவள்தான்.

நஸ்மியா உள்ளே வந்தார். “என்ன, ரெண்டு பேரும் பேயறஞ்ச மாதிரி நிக்கிறீங்க?”

“வேகாததக் குடுத்துட்டேன் அக்கா.”

“அல்லாஹ்வே! ஒன்ன நம்பித்தானே குசினிய விட்டேன்!”

“அப்புறமா ஏசுங்க. மொதல்ல வண்டியக் கூப்பிடுங்க,” என்றாள் பவுலினா.

தெமோதரையைத் தாண்டியதும் ஷிஹானா வாந்தியெடுத்தாள். பிறகு வயிற்றைப் பிடித்துக்கொண்டு, “உம்மா, புள்ள அசையுதில்ல,” என்றாள். பவுலினா தன் உள்ளங்கையை அங்கே வைத்தாள். ஒன்றும் தெரியவில்லை. “ஏசப்பா, ஏசப்பா” என்று முணுமுணுத்தாள். முன்னிருக்கையில் நஸ்மியாவும் ஓதிக்கொண்டிருந்தார்.

பதுளை ஆஸ்பத்திரியில் ஷிஹானாவின் வயிற்றில் கருவியை வைத்துத் தேடிய தாதி, ஓரிடத்தில் நிறுத்தினாள். குதிரை ஓடுவதுபோல் இதயத் துடிப்பு கேட்டது.

குழந்தைக்குக் குறையில்லை என்றும், தாய்க்குச் சேலைன் ஏற்ற வேண்டும் என்றும் மருத்துவர் கூறினார். ஷிஹானாவைத் திங்கட்கிழமை வரை வாட்டில் வைத்திருப்பதென்று முடிவாயிற்று. துணைக்குப் பவுலினாவே இருக்கட்டும் என்றார் நஸ்மியா. மீதிச் சலாதைக் குழியில் கொட்டி மூடுவதென்றும், யப்பானியப் பெண்மணிக்கு அன்று சோறும் பருப்பும் கொடுப்பதென்றும் தீர்மானிக்கப்பட்டது.